இடப்பக்க ஜன்னல்

கார் ஓட்டும்போது இடது பக்கம் திரும்பிப் பார்க்கும் பழக்கம் எனக்கு இருந்ததே இல்லை. கழுத்துச் சுளுக்கெல்லாம் ஒன்றுமில்லை. அந்தப் பக்கம் பார்ப்பது என் வேலை இல்லை, அவ்வளவுதான். ஸ்டியரிங், கிளட்ச், பிரேக், வலது பக்கம், வாய்ச்சண்டை எல்லாம் என் பொறுப்பு. இடது பக்கம் முழுக்க என் வீட்டுக்காரர் பொறுப்பு.

கல்யாணமான புதிதில் அவர் வேலை பார்த்த ஆலையில் ஓர் இயந்திரம் அவருடைய இடது முழங்காலைப் பதம் பார்த்துவிட்டது. அதற்குப் பிறகு அந்தக் கால் மடங்காது, கிளட்சை மிதிக்க முடியாது. அதனால் நான் ஓட்டக் கற்றுக்கொண்டேன், அவர் பக்கத்து சீட்டில் காலை நீட்டி உட்கார்ந்தார். கால் நீட்ட வாகாக சீட்டைப் பின்னால் தள்ளுவார். போதாதென்று கொஞ்சம் முன்னால் இழுப்பார். பிறகு சீட்டுக்கு அடியில் உள்ள பற்சட்டத்தில் ஒரே ஒரு பல் பின்னால். மாப்பிள்ளை சட்டைக்கு அளவெடுக்கிற தையல்காரர்கூட அவ்வளவு பார்க்க மாட்டார். ஒரு வழியாக அமைந்த பிறகு அந்த சீட்டின் கைப்பிடியை வேறு யாரும் தொடக்கூடாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம்.

சீட் அப்படிப் பின்னால் போனதில் இடப்பக்கப் பின்ஜன்னல் எனக்கு மறைந்துவிட்டது. திரும்பினால் அவருடைய தோளும் சீட்டின் தலைப்பகுதியும்தான் தெரியும். வெளியே இருக்கும் கண்ணாடியில் முக்கால்வாசி தெரிந்துவிடும், மீதிக் கால்வாசிக்குத்தான் ஆள் வேண்டும். ஆகவே இடது லேனுக்கு மாறும்போதெல்லாம் இண்டிகேட்டரைப் போட்டுவிட்டு, "வரலாமா?" என்று கேட்பேன். அவர் இடுப்பைத் திருப்பி, கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பார்.

"இரு... இரு... பால் வண்டி வருது, போகட்டும்... ம், வா."

அந்த 'வா' காதில் விழுந்ததும் திருப்பிவிடுவேன். நடுவில் என் கண்ணுக்கு வேலையே கிடையாது.

இதில் எங்களுக்குள் சண்டையும் உண்டு. எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். "சிக்னல் போட்டு எவ்வளவு நேரமாச்சு? கொஞ்சம் மெதுவாப் போனா அவன் சொத்தா கரைஞ்சிடும்?" என்பேன்.

"அது அவன் லேன். அதுல அவனுக்குத்தான் முதல் உரிமை. நாம உள்ள வரட்டுமான்னு கேக்கிறவங்க. கேட்ட உடனே குடுத்துடணுமா?"

"அப்ப ராத்திரி வரைக்கும் கேட்டுட்டே இருக்கிறதா?"

"இருந்தா என்ன? உனக்கு மட்டும் என்ன கரைஞ்சிடும்?"

ஊரில் உள்ள லாரி, வேன், சைக்கிள் எல்லாவற்றையும் முன்னால் விட்ட மனிதர், கடைசியில் என்னை மட்டும் முந்திக்கொண்டு போய்விட்டார். ஒரு காலையில் எழுப்பினேன், எழுந்திருக்கவில்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் தீரவில்லை.

நான் பல் செட் செய்யும் கூடத்தில் வேலை பார்க்கிறேன். டாக்டர்கள் ஈறின் அச்சை எடுத்து அனுப்புவார்கள். அதில் மாக்கட்டு மாவை வார்த்து, மெழுகு கட்டி, ஒவ்வொரு பல்லாக வரிசையில் வைப்பது என் வேலை. முகம் தெரியாத மனிதர்களின் சிரிப்பெல்லாம் என் மேசையில் கிடக்கும். வீட்டுக்குப் போனால் பேச ஆளில்லை என்பதால், சில நாள் அவற்றிடமே நாலு வார்த்தை பேசிவிட்டுத்தான் கிளம்புவேன். பதில் வராது, எதிர்வாதமும் வராது.

அவர் போன கொஞ்ச நாளில் கூடத்தை ஊருக்கு வெளியே தொழிற்பேட்டைக்கு மாற்றினார்கள். அங்கே பஸ் போகாது. சுற்றுச்சாலைதான் வழி. அந்தச் சாலையில் இடது ஓர லேன் பாதி தூரத்தில் சரக்குக் கிடங்குகளுக்குப் பிரிந்து போய்விடும். அதில் மாட்டாமல் இருக்க நடு லேனுக்கு வரவேண்டும். கிடங்கைத் தாண்டியதும் மறுபடியும் தொடங்கும் இடது லேனுக்குள் நுழைந்து இறங்கவேண்டும். போகும்போதும் அப்படித்தான், வரும்போதும் அப்படித்தான்.

நடு லேனுக்கு வந்துவிடுவேன். அது வலது பக்கம், என் பக்கம். இடது பக்கம்தான் தகராறு. இண்டிகேட்டரைப் போடுவேன். "வரலாமா?" என்று வாய் தானாகக் கேட்கும். பதிலுக்காகக் காத்திருப்பேன். இறங்குமிடம் வரும், போகும். அப்புறம் எங்கோ இருக்கும் ரவுண்டானாவரை போய், சுற்றித் திரும்பி, ஆரம்பத்திலிருந்தே இடது ஓரமாக லாரிகளின் பின்னால் ஊர்ந்து வந்து சேருவேன். பக்கத்து மேசைப் பெண், "என்னக்கா, தினமும் ஊர்வலமா?" என்று கேட்பாள். பல்லைக் கடித்துக்கொள்வேன்.

திரும்பிப் பார்த்தால் என்ன என்று கேட்பீர்கள். பார்த்தால் அந்த சீட் தெரியும். அவர் முதுகு பதிந்த பள்ளம் தெரியும். ஓட்டும்போது அதைப் பார்த்துவிட்டு அடுத்த நொடி சாலையைப் பார்க்க என்னால் ஆகாது. அதனால் பார்ப்பதில்லை.

ஒரு நாள் வீம்பு வந்தது. யார் 'வா' சொன்னால் என்ன, சொல்லாவிட்டால் என்ன என்று திருப்பிவிட்டேன். தகரம் கிழிகிற சத்தம் கேட்டது. ஒரு லாண்டரி வேனின் கதவு. ஓட்டுநர் இறங்கி வந்தார். முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

"என்னம்மா, பாக்காமயா திருப்புவீங்க?"

"சிக்னல் போட்டேன்ல? கண்ணு தெரியலையா உங்களுக்கு?"

"போட்டீங்க. நான் பாட்டுக்கு என் லேன்ல வந்துட்டிருக்கேன். நீங்கதான் நிக்கணும். சிக்னல்ங்கிறது கேக்கிறதும்மா. நான் சரின்னு சொல்லவே இல்லையே!"

யாரோ வேன்காரர், அவர் வாயில் என் வீட்டுச் சண்டை அப்படியே வருகிறது. நடுரோட்டில் நின்று அழுதேன். அவர் பயந்துபோய், "அய்யோ, விடுங்கம்மா, கதவுதானே" என்று தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

வெளியூரில் இருக்கும் என் மகனுக்கு விஷயம் போயிற்று. அன்றைக்கே போன் வந்தது.

"வண்டிய வித்துடலாம்மா. நீ எங்ககூடவே வந்துடு. பின்பக்க ரூம் சும்மாதானே கிடக்கு."

அந்த அறையை எனக்குத் தெரியும். துணி தேய்க்கும் மேசை, காலிப் பெட்டிகள், துணி காயப்போட மட்டுமே பயன்படும் உடற்பயிற்சி சைக்கிள். ஜன்னலைத் திறந்தால் பக்கத்து வீட்டுச் சுவர், கை நீட்டினால் தொடலாம். பாசமான பையன்தான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் கார் போனால் வேலை போகும். வேலை போனால் வீட்டைப் பூட்டவேண்டும். அப்புறம் எனக்கென்று மிச்சம் இருப்பது அந்தச் சுவர்தான்.

"ஒரு தடவை என் பக்கத்துல உக்காந்து பாரு. அப்புறம் பேசு" என்றேன்.

"சரி. பாத்துட்டு முடிவு பண்ணலாம். எனக்குப் பயமா இருந்தா வித்துடணும். சம்மதமா?"

"சம்மதம்."

ஞாயிற்றுக்கிழமை பஸ்ஸில் வந்து இறங்கினான். பெரிய பை ஒன்றை முன்சீட்டுக்குப் பின்னால் இருக்கும் இடுக்கில் திணித்துவிட்டு, அப்பாவின் சீட்டில் உட்கார்ந்தான். கையில் போன். கூடம்வரை போய்த் திரும்பி பஸ் நிலையம் வருவது என்று ஏற்பாடு. என் உள்ளங்கை வியர்த்தது. லைசென்ஸ் வாங்கப் போன நாளில்கூட அப்படி வியர்க்கவில்லை.

கிடங்கைத் தாண்டியாயிற்று. இண்டிகேட்டரைப் போட்டேன். பழக்க தோஷம், வாய் கேட்டுவிட்டது. "வரலாமா?"

அவன் போனிலிருந்து தலையை எடுத்தான், இடுப்பைத் திருப்பினான், பின்னால் பார்த்தான்.

"இரு... இரு... லாரி போகட்டும்... ம், வா."

திருப்பினேன். வெண்ணெயில் கத்தி இறங்குவது போல வண்டி இடது லேனில் இறங்கியது. அவன் மறுபடி போனுக்குள் போய்விட்டான். தான் செய்தது அவனுக்கே தெரியவில்லை. சின்ன வயசெல்லாம் பின்சீட்டில் உட்கார்ந்து கேட்டு வளர்ந்தவன் ஆயிற்றே. அந்த 'இரு'வின் இழுவைகூட அவர் இழுவைதான். திரும்பி வரும்போதும் கேட்டேன். அவனும் சொன்னான்.

பஸ் நிலைய வாசலில் நிறுத்தினேன். அவன் முகமெல்லாம் சிரிப்பு.

"நல்லாத்தானேம்மா ஓட்டுறே! நான்தான் வீணா பயந்துட்டேன். வண்டி இருக்கட்டும், வேலைக்குப் போ."

ஜெயித்துவிட்டேன். ஆனால் ஜெயித்தது யார் என்று எனக்குத் தெரியும். 'நீ பாத்து சொன்னடா, அதான் வந்தேன்' என்று தொண்டைவரை வந்தது. பின்பக்க அறையின் சுவரும் கூடவே வந்தது. வாயை மூடிக்கொண்டேன்.

அதற்குள் பின்னால் ஒரு பஸ் விடாமல் ஹாரன் அடித்தது. "தலைமேல ஏறிப் போயேன்!" என்று கண்ணாடியைப் பார்த்துத் திட்டிக்கொண்டிருந்தேன். மகன் இடப்பக்கம் இறங்கி நின்று, இடுக்கில் மாட்டிய பையோடு மல்லுக்கட்டுவது காதில் விழுந்தது. என்னவோ கடகடவென்றது. கதவு சாத்தப்பட்டது. "வரேம்மா!" என்றான். பஸ்காரரின் அவசரத்தில் நான் அவன் பக்கம் பார்க்காமலே கையை அசைத்துவிட்டுக் கிளம்பினேன்.

வண்டிக்குள் சத்தமே இல்லை. அவன் இருந்தபோதும் பெரிதாகப் பேசவில்லைதான். ஆனால் ஒருவர் பேசாமல் இருப்பது வேறு, ஆளே இல்லாமல் இருப்பது வேறு.

வீட்டுக்குப் போகவும் அதே வழிதான். சுற்றுச்சாலை வந்தது, கிடங்கு போனது. வீட்டுக்கு இறங்கும் இடத்தின் பலகை தெரிந்தது. இண்டிகேட்டரைப் போட்டேன். "வரலாமா?" என்று கேட்டேன். கேட்டுவிட்டு எனக்கே வெட்கமாக இருந்தது. யாரை ஏமாற்றுகிறேன்? பிள்ளையை ஏமாற்றியாயிற்று. இந்த இறங்குமிடமும் போய்விட்டால், ரவுண்டானா. நாளைக்கும் ரவுண்டானா. என்றைக்காவது இன்னொரு கதவு. அங்கே கதவுக்குப் பதில் ஓர் ஆள் இருந்தால்?

'போதும்டி' என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு கழுத்தை இடது பக்கம் திருப்பினேன். அந்த சீட்டின் தலைப்பகுதி மறைக்கும், பள்ளம் தெரியும், நெஞ்சு அடைக்கும் என்று தயாராகத்தான் திரும்பினேன்.

ஒன்றும் மறைக்கவில்லை. ஜன்னல் முழுசாகத் தெரிந்தது. இத்தனை வருஷத்தில் நான் பார்க்காத ஜன்னல். வெயில், சாலை, அதற்குள் வெகு பக்கத்தில் ஒரு மோட்டார் சைக்கிள். பின்னால் ஒரு பெண், பெரிய சுவர்க்கடிகாரம் ஒன்றைக் குழந்தை போல மார்போடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். புதுக்குடித்தனமாக இருக்கும். வெளிக் கண்ணாடியில் அவர்கள் துளியும் இல்லை.

"இரு" என்றேன். வாய்விட்டே சொன்னேன். "அவங்க லேன். போகட்டும்."

அவர்கள் தாண்டிப் போனார்கள். நான் ஒருத்தி காத்திருந்தது அவர்களுக்குத் தெரியாது. இன்னொரு தடவை திரும்பிப் பார்த்தேன். காலிச் சாலை. யாரும் 'வா' என்று சொல்லவில்லை. திருப்பினேன்.

இறங்கி, முதல் தெருவில் ஓரமாக நிறுத்தினேன். அப்போதுதான் சீட்டைச் சரியாகப் பார்த்தேன். அது முன்னால் இழுக்கப்பட்டு, டேஷ்போர்டோடு ஒட்டி நின்றது. பையை உருவுவதற்காக மகன் கைப்பிடியைத் தூக்கி ஒரே இழுப்பாக இழுத்திருக்கிறான். கடகட.

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அவன் எதிரில் இருந்திருந்தால் ஓர் அறை விட்டிருப்பேன். இறங்கிப் போய் அந்தப் பக்கக் கதவைத் திறந்து, கைப்பிடியைத் தூக்கி சீட்டைக் கடைசிவரை தள்ளினேன். இல்லை, இவ்வளவு பின்னால் இல்லை. முன்னால் இழுத்தேன். இது அதிகம். ஒரு பல் பின்னால். இதுதானா? இல்லை, இன்னொன்றா? முகமே தெரியாதவர்கள் வாயில் எந்தப் பல் எங்கே என்று வைத்துவிடுகிறவள் நான். என் பக்கத்திலேயே காலமெல்லாம் உட்கார்ந்திருந்தவர் எந்தப் பல்லில் உட்கார்ந்திருந்தார் என்று எனக்குத் தெரியவில்லை. தெருவென்றும் பாராமல் அந்த சீட்டில் முகத்தை வைத்து அழுதேன். இந்தத் தடவை தண்ணீர் நீட்ட யாரும் வரவில்லை.

போன் அடித்தது. மகன்.

"பஸ் ஏறிட்டேன்மா. நீ வீட்டுக்குப் போயிட்டியா?"

"பக்கத்துல வந்துட்டேன்."

"பை வரலைன்னு அந்த சீட்ட முன்னாடி இழுத்துட்டேன். மறந்துடாம பழையபடி தள்ளி வெச்சுடு. இல்லாட்டி அப்பாவுக்குக் கால் நீட்ட..."

நிறுத்திக்கொண்டான். பஸ்ஸின் உறுமல் மட்டும் கேட்டது.

"இருக்கட்டும்ப்பா, அது முன்னாடியே இருக்கட்டும்" என்றேன். "எனக்கு அந்தப் பக்கம் தெரியணும்."

"சரிம்மா" என்றான்.

சீட்டை மறுபடி முன்னால் இழுத்துவிட்டு என் பக்கம் வந்து உட்கார்ந்தேன். வீட்டுக்குப் போக இன்னும் ஒரு தடவை இடது லேனுக்கு மாறவேண்டியிருந்தது. திரும்பிப் பார்த்தேன். யாரும் இல்லை. போனேன்.