பலகையில் ஒரு கேள்விக்குறி

கேள்விக்குறியைப் போட்டவன் டேல் தோர்ஸ்கார்ட். சிவப்பு மார்க்கரால், தூரத்திலிருந்து பார்த்தாலும் தெரியும்படி, கிளப் பலகையில் மார்லிஸ் காங்காஸின் வரிக்கு நேரே போட்டிருந்தான். அதைப் பார்த்த நாளிலிருந்து அவள் காப்பியைக்கூட ஆறவிட்டுக் கொட்டிக்கொண்டிருந்தாள். வயது அறுபத்தொன்று. அமெரிக்காவில், மினசோட்டா மாநிலத்தின் வடக்கே, இரும்புச் சுரங்கங்களை நம்பிப் பிழைக்கிற ஊரில், முப்பது வருடமாகப் பனி தள்ளும் லாரி ஓட்டுகிறவள். அவளை இதுவரை யாரும் பொய்க்காரி என்று சொன்னதில்லை. திமிர் பிடித்தவள் என்று சொல்லியிருக்கிறார்கள். அது உண்மைதான் என்பதால் அவள் கோபித்துக்கொண்டதும் இல்லை.

விஷயம் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு. சிரிக்கிறவர்கள் சிரித்துவிட்டுப் போகட்டும். சாயங்காலம் நாலரைக்கே இருட்டிவிடுகிற ஊரில் ஆறு மாதக் குளிரை எப்படித்தான் கழிப்பதாம்? அந்த விளையாட்டுக்கு ‘ஒற்றை விளக்கு’ என்று பெயர். ஒரு சுரங்கத் தொழிலாளியின் கையில் ஒரு விளக்கைக் கொடுத்து, தளம் தளமாகக் கீழே இறக்க வேண்டும். ஐந்நூறாவது தளம்தான் கடைசி. அங்கே என்ன இருக்கிறது என்று பார்த்தவர் எவரும் இல்லை. ஆளுக்கு ஒரே உயிர். செத்தால், அந்த ஆளின் சேமிப்புக் கோப்பை விளையாட்டே சுத்தமாக அழித்துவிடும். அப்புறம் புது ஆளோடு ஒன்றாம் தளத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான்.

தூண்டில் கடை மாடியில் சனிக்கிழமை மதியம் கூடுகிற பதினோரு பேர் இதற்கென்றே ஒரு கிளப் வைத்திருந்தார்கள். சுவரில் வெள்ளைப் பலகை. மேல்பாதியில் உயிரோடு இருப்பவர்கள், கீழ்ப்பாதியில் செத்தவர்கள். செத்தவர் வரிசையில் மூன்று கட்டங்கள்: பெயர், தளம், கொன்றது. ஆளைப் பறிகொடுத்தவர் எழுந்து நின்று சொல்ல வேண்டும், செயலாளர் எழுத வேண்டும். சொன்னதை மாற்றி எழுதும் உரிமை செயலாளருக்குக் கிடையாது. ‘வெர்னாவின் பியூலா, 131, விஷ வாயு.’ ‘டாரெலின் கஸ், 88, பாறைச் சரிவு.’ ‘டேலின் ஆக்செல், 203, சொந்த வெடி.’ ஆமாம், செயலாளர் டேலேதான். தான் வைத்த வெடியில் தானே போய்ச் சேர்ந்ததைத் தன் கையாலேயே எழுத வேண்டி வந்தது அவனுக்கு.

உயிரோடு இருப்பவர்களில் முதல் வரி: ‘மார்லிஸின் இல்மா, 412.’ ஒன்பது குளிர்காலங்கள். அந்த வரிக்கு நேரேதான் கேள்விக்குறி.

காரணம் இது. ஆபத்தான இடத்துக்குப் போகும் முன் கோப்பை நகல் எடுத்து வைத்துக்கொண்டால், ஆள் செத்ததும் நகலைத் திருப்பிப் போட்டு உயிர்ப்பித்துவிடலாம். கிளப்பில் அதற்கு ‘மறுபிறவி’ என்று பெயர். அதைவிடப் பெரிய வசவு அங்கே கிடையாது. மற்ற பத்துப் பேரின் கோப்புகளும் கிளவுடில் இருந்தன. எந்தக் கோப்பு எந்த நேரத்தில் மாறியது என்று அங்கே பதிவாகும், திருட்டுத்தனம் செய்தால் மாட்டிக்கொள்ளலாம். மார்லிஸின் கோப்பு மட்டும் அவளுடைய பழைய லேப்டாப்பில், அது ஒன்றில் மட்டும் இருந்தது.

“கிளவுட்ல போட்டா உங்களுக்கு என்ன குறைஞ்சிடும்?” என்று போன சனிக்கிழமை டேல் கேட்டான்.

“எங்க வீட்டு இன்டர்நெட் கூரை மேல இருக்கிற டிஷ்லேருந்து வருது. பனி விழுந்தா அதுவும் விழுந்துடும்.”

“அதுக்கெல்லாம் வழி இருக்கு மார்லிஸ்.”

“இருக்கட்டுமே. என் சாமான் என் வீட்ல இருக்கு. அதக் கொண்டுபோய் எவனோட கிடங்குலயோ வெச்சிட்டு, நான் பார்க்கணும்னா அவன்கிட்ட கேட்டு நிக்கணுமா? எனக்கென்ன தலையெழுத்து?”

“மடியில கனம் இல்லன்னா வழியில பயம் எதுக்கு?” என்றான் டேல், எல்லாருக்கும் கேட்கும்படி. பிறகு மார்க்கரை எடுத்தான்.

அவனுக்கு வயது நாற்பத்திரண்டு. மோசமான ஆள் இல்லை. ஆனால் 203-இல் செத்தவனுக்கு 412 கண்ணை உறுத்தத்தான் செய்யும். தன்னால் முடியாததை இன்னொருத்தி செய்தால் அதில் ஏதோ தில்லுமுல்லு இருக்கும் என்று நினைக்கிற ஆட்கள் எந்த ஊரில்தான் இல்லை?

வாரம் முழுவதும் மார்லிஸ் லாரி ஓட்டிக்கொண்டே மனதுக்குள் அவனோடு சண்டை போட்டாள். வெள்ளிக்கிழமை அவளே போன் செய்தாள்.

“நாளைக்கு லேப்டாப்ப எடுத்துட்டு வரேன். எல்லார் முன்னாடியும் உன் கிளவுட்ல ஏத்து. இனிமே நான் ஆடற ஒரு ராத்திரிகூட விடாம துருவிப் பாரு. அப்புறம் அந்தக் கேள்விக்குறிய நீயே அழிக்கணும். சம்மதமா?”

“சம்மதம். பாஸ்வேர்ட் குடுங்க, நான் முன்னாடியே எல்லாம் தயார் பண்ணி வெக்கிறேன்.”

கொடுத்தாள். எதையும் மறைக்கிறவள் இல்லையே, கொடுத்தாள்.

சனிக்கிழமை வெளியே மைனஸ் இருபது. மார்லிஸ் லேப்டாப்பைக் கோட்டுக்குள் அணைத்துக்கொண்டு படியேறி வந்தாள். பின்னால் அவள் கணவன் ரோலண்ட், கையில் உருளைக்கிழங்கும் மாட்டிறைச்சியும் போட்டுச் சுட்ட ஹாட்டிஷ் பாத்திரம். சுரங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். விளையாட மாட்டான், பேசவும் மாட்டான். சாப்பாட்டைத் தூக்கிக்கொண்டு வருவான், சுவரோரம் உட்காருவான்.

லேப்டாப்பை மேஜை மேல் வைத்து டேல் உட்கார்ந்தான். பத்துப் பேரும் சுற்றி நின்றார்கள். கிளவுட் என்ற கட்டத்தில் அவன் டிக் போட்டதும் திரையில் ஒரு பெட்டி எழும்பியது. இரண்டு கோப்புகள் இருக்கின்றன, ஒன்றைத்தான் வைத்துக்கொள்ள முடியும் என்றது. இந்தக் கம்ப்யூட்டரில் உள்ளது: வியாழக்கிழமை. கிளவுடில் உள்ளது: இன்று, பகல் 12.10.

“நில்லு,” என்றாள் மார்லிஸ். “இன்னிக்கு நான் விளையாடவே இல்லயே. கிளவுட்ல எப்படி ஒரு ஃபைல் இருக்கு?”

“நான்தான் மதியம் கிளப் கம்ப்யூட்டர்ல உங்க கணக்கைத் திறந்து, வேலை செய்யுதான்னு ஒரு தடவை ஓட்டிப் பார்த்தேன்.”

“அப்ப அதுல இருக்கிறது யாரு?”

“அய்யோ மார்லிஸ், இதெல்லாம் எனக்குத் தினமும் வர்ற பெட்டி. எது புதுசோ அதான் சரி. எப்பவும் புதுசு.”

“கைய எடு டேல்.”

அதற்குள் அவன் அழுத்திவிட்டான். கிளவுடிலேயே வாழ்கிறவனுக்கு அது பழக்கதோஷம். நாளைக்கு நாலு தடவை அந்தப் பெட்டி வரும், தேதியைப் பார்ப்பான், புதியதை அழுத்துவான். ஒரே ஆள் ஒரே ஆட்டத்தை இரண்டு இடத்தில் விளையாடும்போது அது சரிதான். அவன் மதியம் ஓட்டிப் பார்த்தபோது அந்தக் கணக்கில் ஒன்றுமில்லாததால் விளையாட்டு தானாகவே ஒரு புது ஆளைப் படைத்து வைத்திருந்தது. அந்தப் பச்சைப்பிள்ளை இப்போது வந்து, இல்மா இருந்த இடத்தில் உட்கார்ந்துகொண்டது.

திரையில் பெயரில்லாத ஒரு தொழிலாளி, கையில் எண்ணெய் நிறைந்த விளக்கு. மூலையில் எழுதியிருந்தது: தளம் 1.

டாரெல் குனிந்து அங்கே இங்கே தட்டிப் பார்த்தான். இந்த விளையாட்டு பழையதின் மேலேயே புதியதை எழுதிவிடும், தடயம் வைக்காது. மறுபிறவியைத் தடுக்கவே அப்படிச் செய்திருந்தார்கள். அவன் தலையை ஆட்டிவிட்டு நிமிர்ந்தான்.

வெண்ணெய் திரண்டு வருகிற நேரத்தில் தாழியை உடைத்தாயிற்று. இன்னும் எண்பத்தெட்டுத் தளம்தான் பாக்கி இருந்தது. முந்நூற்று நாற்பதாவது தளத்தில் தண்ணீர் புகுந்தபோது, திரியை நாளுக்கு ஒரு இழை ஏற்றிக்கொண்டு, பதினோரு நாள் இல்மாவை ஒரு பாறை இடுக்கில் உட்கார வைத்துக் காப்பாற்றியவள் மார்லிஸ். இப்போது அழுகை முட்டிக்கொண்டு வந்தது. இந்தக் கூட்டத்துக்கு முன்னால் அழுவதைவிட ஜன்னல் வழியாகக் குதிக்கலாம் என்று அடக்கிக்கொண்டாள்.

டேலின் முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது. “மார்லிஸ்,” என்றான். “உங்ககிட்ட அந்த ஃபைலோட காப்பி ஒண்ணு இருக்கும்ல?”

கேட்டான் பாருங்கள் கேள்வி. இருக்கிறது என்றால் அவள் மறுபிறவிக்காரி. இல்லை என்றால் ஒன்பது வருடம் போனது போனதுதான்.

“இல்ல,” என்றாள்.

“ஒண்ணுகூடவா?”

“ஒண்ணுகூட இல்ல. என்னிக்குமே இல்ல. இப்பவாவது நம்புறியா?”

சுவரோரம் நாற்காலி நகர்ந்தது. “என்கிட்ட இருக்கு,” என்றான் ரோலண்ட்.

எல்லாத் தலையும் திரும்பியது. அவன் சட்டைப் பையிலிருந்து ஒரு பென் டிரைவை எடுத்து மேஜை மேல் வைத்தான். “வாரா வாரம் வியாழக்கிழமை நீ தூங்கப் போனதும் எடுப்பேன். நாலு வருஷமா. கரன்ட் போச்சுன்னா, அது போயிடுமோன்னு ஒரு பயம். நீ அந்த லேப்டாப்ப எப்படிப் பார்த்துக்கிறேன்னு எனக்குத் தெரியும்ல. இவளுக்கு இது தெரியாது,” என்றான், கடைசி வார்த்தைகளை மட்டும் மற்றவர்களைப் பார்த்து.

“நாலு வருஷமா,” என்றாள் மார்லிஸ். “என் பக்கத்துல படுத்துக்கிட்டு.”

“திட்டணும்னா வீட்டுக்குப் போய்த் திட்டு.”

“திட்டுவேன். நல்லாத் திட்டுவேன்.”

டேலுக்கு உயிர் திரும்பி வந்தது. “அப்ப பிரச்சினையே இல்ல. எடுத்துப் போடுங்க மார்லிஸ். தப்பு என்னுது, இது மறுபிறவியில சேராது. நானே பலகையில எழுதி வெக்கிறேன். யாராவது வேணாம்னு சொல்றீங்களா?”

யாரும் சொல்லவில்லை. “போடும்மா, யார் கேட்கப் போறா?” என்றாள் வெர்னா.

மார்லிஸ் பென் டிரைவைக் கையில் எடுத்தாள். ஆசையாக இருந்தது. ஆசை இல்லை என்று சொன்னால் அது பொய். வியாழக்கிழமை விட்ட இடத்தில், 412-ஆம் தளத்தின் ஏணியில், கால் வைத்தபடி இல்மா இதற்குள் நிற்கிறாள். செருகினால் நிமிடத்தில் வந்துவிடுவாள். ஒருநாள் ஐந்நூறையும் தொடுவாள். தொட்ட அன்று டேல் கை தட்டுவான், வீட்டுக்குப் போகும் வழியில் நினைப்பான்: நாலு வருஷம் நகல் இருந்ததே, ஒரு தடவையாவது எடுத்திருக்க மாட்டாளா? வெர்னாவும் நினைப்பாள். இன்று பெரிய மனதோடு விட்டுக்கொடுப்பவர்கள்தான் நாளைக்கு அதைச் சொல்லிக்காட்டுவார்கள். கேள்விக்குறியைப் பலகையிலிருந்து அழிக்கலாம், அவர்கள் தலைக்குள்ளிருந்து எதைக் கொண்டு அழிப்பது?

அவள் டேலை எழுப்பிவிட்டு அந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். பென் டிரைவைச் செருகினாள். உள்ளே நாற்பது, ஐம்பது மீன் படங்கள், ரோலண்ட் ஏரியில் பிடித்தவை. நடுவில் ஒரே ஒரு கோப்பு.

“மீனை விட்டுடு,” என்றான் ரோலண்ட் மெதுவாக.

“உன் மீனு உனக்கு.”

அந்த ஒரு கோப்பை அழித்தாள். நிச்சயமாக அழிக்க வேண்டுமா, திரும்பக் கிடைக்காது என்று திரை கேட்டதற்கும் ஆமாம் என்றாள். வெர்னா வாயைப் பொத்திக்கொண்டாள்.

“என்ன பண்ணிட்டீங்க,” என்றான் டேல்.

“செத்தவ செத்தவதான். இந்தக் கிளப்போட சட்டம் அது. மார்க்கர எடு. செத்தவங்க வரிசையில எழுதணும்.” எழுந்து நின்றாள். “முதல்ல அந்தக் கேள்விக்குறிய அழி.”

டேல் அழித்தான்.

“எழுது. மார்லிஸோட இல்மா. நானூத்திப் பன்னிரண்டு.”

எழுதினான். மூன்றாவது கட்டத்துக்கு வந்ததும் கை நின்றது. பிறகு வேகமாக ‘கிளவுட் கோளாறு’ என்று எழுதினான். மார்லிஸ் நேரே போய்த் தன் கையுறையால் அதைத் துடைத்தாள்.

“கிளவுட் எங்க கோளாறு பண்ணுச்சு? அது எது வேணும்னு ஒழுங்கா கேட்டுச்சு. நான் கைய எடுன்னேன். இழந்தவ சொல்லணும், செயலாளர் எழுதணும். சொல்றேன், எழுது. கொன்றது: டேல்.”

அவன் திரும்பி மற்றவர்களைப் பார்த்தான். டாரெல் கூரையைப் பார்த்தான். மற்றவர்கள் தங்கள் காலணிகளைப் பார்த்தார்கள். விஷ வாயு, பாறைச் சரிவு, சொந்த வெடி எல்லாவற்றுக்கும் கீழே டேல் தன் பெயரைத் தானே எழுதினான். எழுத்து கொஞ்சம் கோணியிருந்தது, ஆனால் படிக்க முடிந்தது.

மார்லிஸ் திரும்பி வந்து உட்கார்ந்து, கிளவுட் கட்டத்தில் இருந்த டிக்கை எடுத்தாள்.

“மார்லிஸ், கிளவுட்ல வெக்கணும்னு...” என்று ஆரம்பித்தான் டேல்.

“டேல்,” என்றாள் வெர்னா, “ஹாட்டிஷ் ஆறிப்போகுது. போய் எடுத்து வை.”

திரையில் அந்தப் புதுத் தொழிலாளி விளக்கோடு காத்திருந்தாள். பெயர் என்ன என்று விளையாட்டு கேட்டது. மார்லிஸ் தட்டெழுதிவிட்டு, திரும்பிப் பார்க்காமலேயே சொன்னாள்: “உயிரோட இருக்கிறவங்க வரிசையில புது ஆளை எழுதிக்கோ. ஒண்ணாம் தளம். பேரு மார்லிஸ். இனிமே கேள்விக்குறி போடணும்னா என் பேருக்கே நேரா போடு.”

அவன் எழுதினான். பேருக்குப் பக்கத்தில் எதையும் போடவில்லை.