நிலாவின் ஐந்தாவது பொருள்

ஆங்கில–தமிழ் அகராதி எம் எழுத்தின் பின்பாதிக்கு வந்திருந்த வாரத்தில், எங்கள் தெருவுக்கு மட்டும் நிலா முதுகைத் திருப்பிக்கொண்டது. பக்கத்துத் தெருவில் வழக்கம்போல முகத்தைத்தான் காட்டியது. அந்த வாரம் வெங்காயத்தின் விலை இரண்டு மடங்காகியிருந்ததால், நிலாவைப் பற்றிப் பேச முதலில் யாருக்கும் நேரமில்லை. மெத்தைக் கடைக்காரர்தான் ஒரு மாலை ஷட்டரை இறக்கும்போது அண்ணாந்து பார்த்துவிட்டு, முயலைக் காணோமே என்றார். முயலின் காதும் முதுகும் கறையாகத் தெரியவேண்டிய இடத்தில் ஒன்றுமில்லை. வெளுப்பாக, உருண்டையாக, அம்மைத் தழும்பு விழுந்த ஏதோ ஒன்று வானத்தில் நின்றது. அது எதைப் போல இருக்கிறது என்று பார்த்தவுடன் எல்லோருக்கும் தோன்றியது, சொல்லத்தான் வாய் வரவில்லை. பெண்கள் ஜன்னல் திரைகளை இழுத்துவிட்டார்கள். தையல்காரர் மட்டும் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்து, இதற்கு ஒரு கால்சட்டை தைப்பதென்றால் துணி கிடைத்துவிடும், இடுப்பளவு எடுப்பதுதான் கஷ்டம் என்றார்.

அகராதி அலுவலகம் மெத்தைக் கடையின் மாடியில் இருந்தது. கீழே பஞ்சு அடித்தால் அது படியேறி வந்து எல்லாச் சொற்களின் மேலும் உட்காரும். ஒரே நீள மேசையின் இந்தப் பக்கம் ஆசிரியரான அத்தான், அந்தப் பக்கம் இணையாசிரியரான என் அக்கா. இருபது வருடங்களாக இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து, ஒரே மேசை விளக்கில், ஒருவர் எழுதியதை மற்றவர் அடித்து, ஏ-யிலிருந்து வந்துகொண்டிருந்தார்கள். ஜன்னலோரம் நான் மெய்ப்புப் பார்த்தேன். சுவரோரம் டைப்பிஸ்ட். தெருவில் அத்தானை ‘அர்த்தம் சார்’ என்பார்கள். நல்லா இருக்கீங்களா சார் என்று யாராவது கேட்டுவிட்டால், எந்த அர்த்தத்தில் கேட்கிறீர்கள் என்று திருப்பிக் கேட்பார். அப்படிக் கேட்கப்பட்டவர்கள் மறுமுறை எதிர்ப்புறமாக நடந்தார்கள்.

சொற்கள் தங்கள் பதிவைப் பார்த்துப்போக வருவது அங்கே புதிதல்ல. ‘ஃபாக்’ என்ற சொல்லின்போது அறைக்குள் மூடுபனி வந்தது. வானிலைப் பொருளை எழுதி முடித்தும் அது போகவில்லை. மனக்குழப்பம் என்ற இரண்டாம் பொருளையும் சேர்த்த பிறகுதான் ஜன்னல் வழியாக மரியாதையாக வெளியேறியது. ‘ஹிக்கப்’ பதிவு சரியாகும்வரை டைப்பிஸ்ட்டுக்கு விக்கல் நிற்கவில்லை. யானை வரவில்லை, படிக்கட்டைப் பார்த்துவிட்டுத் திரும்பியிருக்கும். ‘ஜாக்பாட்’டுக்காக நாங்கள் நால்வரும் தலைவாரிக் காத்திருந்தோம், அது எட்டிக்கூடப் பார்க்கவில்லை. ஆகவே நிலா ஏன் திரும்பி நிற்கிறது என்பது மாடியில் எங்களுக்குத் தெரியும். ‘மூன்’ என்ற சொல்லில் ஒரு பொருள் குறைந்தது.

முதல் மூன்று பொருள்களில் தகராறு இல்லை. பூமியைச் சுற்றுவது, மற்றக் கோள்களைச் சுற்றுவது, கவிஞர்கள் மாதத்துக்குச் சொல்வது. நான்காவது வினைச்சொல், மனம் எங்கோ இருக்கக் கால்போன போக்கில் அலைவது. ஐந்தாவதும் வினைச்சொல்தான். கேலிக்காகவோ எதிர்ப்புக்காகவோ ஒருவர் முன் திரும்பி நின்று, உடையை இறக்கி, உட்காரும் பாகத்தைக் காட்டுவது. அத்தான் அந்தத் துண்டுச்சீட்டை இரண்டு விரலால் தூக்கி, எலியின் வாலைப் பிடித்த மாதிரி, மேசையின் நடுவில் வைத்தார். இந்த அகராதி பள்ளிக்கூடங்களுக்குப் போகும் என்றார். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் எதன்மேல் உட்காருகிறார்கள் என்று அக்கா கேட்டாள். டைப்பிஸ்ட் நல்லெண்ணத்தோடு குறுக்கிட்டு, அந்த உறுப்பைச் சாய்வெழுத்தில் போடவா, தடித்த எழுத்தில் போடவா என்றார். தடித்த எழுத்துதான் பொருத்தம் என்றாள் அக்கா. அத்தான் சிரிக்கவில்லை. அலுவலகத்தின் சட்டத்தை எடுத்து முன்னால் போட்டார். கண்ணால் காணாததற்கும் காதால் கேட்காததற்கும் எடுத்துக்காட்டு எழுதக் கூடாது, எடுத்துக்காட்டு இல்லாத பொருள் அச்சேறாது.

“நான் என் ஆயுசுல அப்படி ஒண்ணைப் பார்த்ததே இல்ல. பார்க்காததை எழுத மாட்டேன்.”

“பார்க்கலையா? சரி. இனிமே இதைப் பாருங்க” என்று சொல்லி அக்கா தன் நாற்காலியைச் சுவர்ப்பக்கம் திருப்பிப் போட்டு, அவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தாள். அன்று மாலைதான் நிலாவும் திரும்பியது.

அக்காவுக்கு இந்தப் பொருளோடு பழைய கணக்கு இருந்தது. இருபத்தொரு வயதில் அவள் ஒரு செய்தித்தாளில் மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்திருந்தாள். ஒருநாள் வெளிநாட்டுச் செய்தியொன்று வந்தது. விடுதிச் சாப்பாட்டைக் கண்டித்து மாணவர்கள் ஓர் அதிகாரியின் முன் இந்த ஐந்தாவது பொருளைச் செய்திருந்தார்கள். அவள் கைப்பையில் இருந்த அகராதியிலோ நான்கு பொருள்கள்தான். அவள் தன்னால் முடிந்த அளவு நன்றாகவே எழுதினாள்: ‘மாணவர்கள் அதிகாரிக்கு நிலவைக் காட்டி மகிழ்ந்தனர்.’ காலையில் அது அச்சாகி வந்தது. மாணவர்களின் வானியல் ஆர்வத்தைப் பாராட்டி நான்கு வாசகர் கடிதங்கள் வந்தன. ஐந்தாவது கடிதத்தை எழுதியவருக்கு ஆங்கிலம் தெரிந்திருந்தது. அலுவலகமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. மெய்ப்புப் பகுதியில் ஒல்லியாக உட்கார்ந்திருந்த ஓர் இளைஞர் மட்டும் சிரிக்கவில்லை. அக்காவின் வேலை போயிற்று. அடுத்த வருடம் அவள் அந்த இளைஞரைக் கல்யாணம் செய்துகொண்டாள். ஒரு பெண்ணின் கைப்பையிலும் குறைப்பட்ட அகராதி இருக்கக் கூடாது என்றுதான் இருவரும் இந்த வேலையைத் தொடங்கினார்கள்.

அதனால் அக்கா பிடித்த பிடியை விடவில்லை. வீட்டிலும் அலுவலகத்திலும் அவருக்கு முதுகு மட்டும்தான். மாடிப்படியைப் பின்பக்கமாக ஏறினாள். டீயை இடது கையால் பின்னுக்கு நீட்டினாள். மேலே தளும்பியதே தவிர ஒருநாளும் கொட்டவில்லை. மெத்தைக் கடைக்காரர், பின்பக்கமாக ஏறுகிறவர்கள் விழுந்தால் உபயோகப்படும் என்று படிக்கட்டின் அடியில் ஒரு மெத்தையை விரித்துவைத்தார். வேலை எம்மிலேயே நின்றது, ஏனென்றால் இணையாசிரியர் தலையசைத்தால் அது ஆமாவா இல்லையா என்று முதுகுப்புறமிருந்து தெரியவில்லை.

கல்லூரி வானியல் பேராசிரியர் ஒருவர் தொலைநோக்கியோடு வந்தார். எங்கள் தெருவில் பார்த்தார், பின்பக்கம். பக்கத்துத் தெருவில் பார்த்தார், முன்பக்கம். தொலைநோக்கியைத் தோளில் போட்டுக்கொண்டு இரண்டு தெருவுக்குமாக நடந்ததில் முக்காலியின் ஒரு கால் ஒடிந்தது. கடைசியில் தெருமுனையில் நின்று ஒரு கண்ணால் இதையும் மறுகண்ணால் அதையும் பார்த்துவிட்டு, கண்ணாடி மாற்றவேண்டும் என்று குறிப்பெழுதிக்கொண்டு போனார். தெரு மூன்று மாதத்தில் பழகிக்கொண்டது. ஜன்னல் திரைகள் விலகின. குளித்துவிட்டுத் துணியில்லாமல் ஓடும் குழந்தைகளைப் பிடிக்க அம்மாக்கள், “டேய், நில்லுடா, தெருவுக்கே நிலா காட்டாத” என்று கத்தத் தொடங்கினார்கள். வேலைநிறுத்தம் செய்த குப்பை வண்டிக்காரர், சம்பளம் வராவிட்டால் மேற்பார்வையாளருக்கு நிலா காட்டப்போவதாக டீக்கடையில் அறிவித்தார்.

பழகாதவர் அத்தான் ஒருவர்தான். செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு தெருவில் அலைந்தார். தபால் பெட்டியிடம் வழிவிடச் சொல்லிக் காத்து நின்றார். அக்கா இதையெல்லாம் ஒரு கைக்கண்ணாடியில் பார்த்துவிட்டு நான்காம் பொருளுக்கு எடுத்துக்காட்டு எழுதினாள்: ‘மனைவி முகம்கொடுக்காததால் அவர் பேக்கரிக்கும் மருந்துக்கடைக்கும் நடுவில் மனம்போன போக்கில் அலைந்தார்.’ சீட்டைப் பின்பக்கமாக நீட்டினாள். அத்தான் படித்தார். நடந்தது நடந்ததுதான் என்பதால் ‘சரி’ என்று கையெழுத்திட்டார். அந்த மாதங்களில் அவர் அக்காவின் முதுகை மனப்பாடம் செய்துவிட்டார் என்று பிறகு சொன்னார். பிடரியில் ஒரு மச்சம் இருப்பதே அதுவரை தெரியாதாம். சிரிப்பு வருவதற்கு முன்னால் அவளுடைய இடது தோள் கொஞ்சம் உயரும் என்பதும், முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தவருக்குத் தெரிந்திருக்கவில்லை.

நான்காவது மாதம் அக்கா பெட்டியைக் கட்டினாள். வரும் பௌர்ணமியோடு உன் வீட்டுக்கு வந்துவிடுகிறேன், ஒரு கட்டில் போடு என்று என்னிடம் சொன்னாள். நான் கட்டில் போடுவதற்கு முன் அத்தானிடம் சொன்னேன். அவர் அகராதி எடுத்துப் பார்க்கிறவரைப் போல நெடுநேரம் என் முகத்தைப் பார்த்தார். பௌர்ணமியன்று மதியம், பஞ்சடிக்கும் சத்தம் நின்ற நேரத்தில், அக்காவின் நாற்காலிக்குப் பின்னால் போய் நின்றார். டைப்பிஸ்ட் தட்டுவதை நிறுத்தாமல், தாளில் எழுத்து எதுவும் விழாதபடி வெறுமனே தட்டினார்.

“அன்னைக்கு உன் வாக்கியத்தை மெய்ப்புப் பார்த்தது நான்தான்.”

“தெரியும்.”

“எவ்வளவு அழகா இருந்ததுன்னு தெரியுமா? ராத்திரி பூரா அதையே சொல்லிட்டுக் கெடந்தேன். எவ எழுதினான்னு விசாரிச்சேன். இந்தப் பொருளை அச்சுல போட்டா அந்த வாக்கியம் தப்புன்னு ஆயிடும். போடாத வரைக்கும் அது சரிதானே.”

 அக்கா சுவரைப் பார்த்தே கேட்டாள்: “எல்லாரும் சிரிச்சாங்களே, நீங்க மட்டும் சிரிக்கல. மனுஷன் எவ்வளவு இரக்கமானவர்னு நெனைச்சுத்தான் உங்களைக் கட்டிக்கிட்டேன்.”

“இரக்கமெல்லாம் இல்ல. எனக்குப் புரியல. என்கிட்டயும் அதே அகராதிதான்.”

இடது தோள் கொஞ்சம் உயர்ந்தது. ஆனால் நாற்காலி திரும்பவில்லை. அதெல்லாம் சரி, எடுத்துக்காட்டு எங்கே என்று அக்கா கேட்டாள். சட்டம் சட்டம்தான்.

மாலை, வெளிச்சம் இன்னும் இருக்கும்போதே, நிலா முதுகைக் காட்டிக்கொண்டு தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னாலிருந்து ஏறியது. அத்தான் சட்டையை உள்ளே விட்டு, தலை வாரி, கல்யாணத்துக்குப் போகிறவரைப் போல மொட்டை மாடிக்குக் கிளம்பினார். வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது. “ஒரு சாட்சி வேணும். நீ வா. கண்ணால பார்க்கணும், அதனால திரும்பித்தான் ஆகணும்” என்றார் அக்காவிடம். என்னைப் பார்த்து, “சின்னவளே, நீ கீழ போ” என்றார். நானும் டைப்பிஸ்டும் மெத்தைக் கடையில் போய் உட்கார்ந்தோம். ஆகவே மேலே நடந்ததை நான் பார்க்கவில்லை, என் சாட்சியம் செல்லாது. பெல்ட்டின் கொக்கி தரையில் விழும் சத்தம் கேட்டது.  பிறகு என் அக்கா சிரித்தாள். அப்படி அவள் சிரித்து நான் கேட்டதில்லை. படிக்கட்டில் பஞ்சு எழும்பும்படி சிரித்தாள். கடைக்காரர் வெளியே போய் அண்ணாந்து பார்த்து, முயலின் ஒரு காது வந்துவிட்டது என்றார். கொஞ்ச நேரத்தில் மற்றக் காதும் முதுகும் வந்தன. நிலா மெதுவாக, பெரிய மேசையைத் திருப்பிப் போடுவதுபோல, முழுக்க இந்தப் பக்கம் திரும்பியது. மேலே அத்தான், “பார்த்தியா? எழுதிக்கோ, எழுதிக்கோ” என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலை நாற்காலி பழைய இடத்தில் இருந்தது. ஐந்தாவது பொருளை அத்தானே எழுதினார். அந்த உறுப்புக்கு வடமொழியில் ஒன்று, இலக்கியத்தில் ஒன்று என்று தேடாமல், குண்டி என்று எல்லோரும் சொல்கிற சொல்லையே போட்டார். அதற்கும் முன்னால், தமிழில் இதற்கு நேர்ச்சொல்லாக, ‘நிலா காட்டு’ என்று எழுதினார். கடந்த சில மாதங்களாகத் தெரு முழுவதும் வழங்குகிறது, அம்மாக்களும் குப்பை வண்டிக்காரரும் காதால் கேட்கப்பட்ட சாட்சிகள் என்றார். இனி அது தமிழ். எடுத்துக்காட்டு வாக்கியத்தை அவர் புதிதாக எழுதவில்லை. எம் தொகுதியை வைத்திருப்பவர்கள் பார்க்கலாம்: ‘மாணவர்கள் அதிகாரிக்கு நிலவைக் காட்டி மகிழ்ந்தனர்.’ அதில் ஓர் எழுத்துப் பிழையும் இல்லை, நானே மெய்ப்புப் பார்த்தேன்.

எம் வெளியானபின் வருடங்கள் வேகமாகப் போயின. எஸ் முடிந்து, அத்தான் டி எழுத்தின் நடுவில் இறந்தார். டபிள்யூவில் கைம்பெண்ணைக் குறிக்கும் ‘விடோ’ வந்தபோது அக்கா அந்தச் சீட்டை என் பக்கம் தள்ளி, இதை நீ எழுது, எனக்கு இன்றைக்குக் கண் சரியில்லை என்றாள். அவள் ஒய் முடிந்ததும் போனாள். இசட்டை நானும் டைப்பிஸ்டும் முடித்தோம். வரிக்குதிரை மட்டும் வந்தது. படியேறாமல் கீழே ஒரு மெத்தையின்மேல் கொஞ்ச நேரம் நின்றுவிட்டுப் போனது.

அக்கா இறந்த மாதத்திலிருந்து, பௌர்ணமி மாலைகளில் நிலா எங்கள் தெருவுக்கு ஒருமுறை திரும்பிக் காட்டுகிறது. ஒரு கோப்பை டீ ஆறும் நேரம்தான், பிறகு முகத்தைத் திருப்பிக்கொள்கிறது. மாடியில் புதிதாகக் குடிவந்தவர்களுக்கு மெத்தைக் கடைக்காரர் எல்லாம் சொல்லிவிடுகிறார்: தண்ணீர் காலை ஆறு மணிக்கு வரும், குப்பை வண்டி செவ்வாயும் வெள்ளியும், பௌர்ணமியன்று நிலா திரும்பும், துணி காயப்போட்டிருந்தால் எடுக்கவேண்டியதில்லை. நான் அந்த நேரத்தில் டீயோடு மொட்டை மாடியில் இருப்பேன்.