சேலை கட்டிப் போனவன்

செண்பகத்தோப்பு ஓடைக்கரையில் ஞானபாக்கியம் அரிவாளைக் கல்லில் தீட்டத் தொடங்கினால் போதும், எதிர்ப்பாறை இடுக்கிலிருந்து நான்கு தலைகள் எட்டிப் பார்க்கும். நீர்நாய்கள்! தகப்பன், காது கிழிந்த தாய், இரண்டு குட்டிகள். புல்லறுக்கும்போது அகப்படும் நண்டுகளை அவள் வீசுவாள். அவை காலடிவரை வந்து நறுக்கு நறுக்கென்று கடித்துத் தின்னும். பிறகு அவள் புல்லுக்கட்டைத் தூக்கிக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூருக்கு விற்கப் போவாள்.

உலகச் சண்டைக் காலத்தில் கப்பலில் கரி தள்ளப் போன அவள் கணவன் தேவஇரக்கத்திடமிருந்து வெகுகாலம் ஒரு சேதியும் இல்லை. செத்திருப்பான் என்று ஊரே முடிவு கட்டிவிட்டது. அந்த நாளில் வாய்விட்டுப் பேச அவளுக்கு இருந்த துணை இந்த நாலு சீவன்கள்தான்.

கர்த்தர் கண் திறந்தார். சண்டை முடிந்து தேவஇரக்கம் முழுசாக வந்து சேர்ந்தான். வந்த ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்ததும் கோயில் வாசலில் எல்லோரும் அவனைச் சூழ்ந்துகொண்டார்கள்.

"மேற்கிந்தியத் தீவுப் பக்கம் கடல்நாய்னு ஒரு சீவன் இருந்துச்சாம். எங்கூடக் கரி தள்ளுன ஜமைக்காக்காரன் சொன்னான். அதோட சொந்தக்காரனுவ குளிர்க்கடல்ல கூட்டங்கூட்டமாக் கெடக்கானுவ, நானே பாத்திருக்கேன். இது மட்டும் வெதுவெதுப்பான கடல்லயே வாழ்ந்த சாதி. நம்ம நீர்நாய் மாதிரியே மீசை. மனுசனக் கண்டா ஓடத் தெரியாதாம், என்னமோ ஏதோன்னு பாக்கக் கிட்ட வருமாம். அதோட கொழுப்புல எடுக்குற எண்ணெய்க்காக மண்டையில அடிச்சு அடிச்சே தீத்துப்புட்டானுவ. நானும் போன எடமெல்லாம் பாத்தேன், ஒண்ணுகூடக் கண்ணுல படல."

சொல்லும்போதே அழுதுவிட்டான். "நம்பி வந்தத அடிக்க எப்படிய்யா மனசு வந்துச்சு?"

பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். ஞானபாக்கியம் பூரித்துப் போனாள். என் புருசனுக்கு எம்புட்டு ஈர மனசு! மறுநாளே அவனை ஓடைக்குக் கூட்டிப்போய், புதருக்குப் பின்னால் நிறுத்திவிட்டு, அரிவாளைத் தீட்டி நாலையும் வரவழைத்துக் காட்டினாள். "வேத்தாளு வந்தா பாறைக்குள்ள பூந்துக்கிடும். எஞ் சேலையும் இந்தச் சத்தமும்தான் அதுகளுக்கு அடையாளம்" என்று பெருமையடித்தும் வைத்தாள்.

பிறகு தங்கையின் பிரசவத்துக்காகச் சேத்தூர் போய் அங்கேயே சில நாள் தங்கும்படி ஆயிற்று. திரும்பி வந்தவள், வழக்கம்போலத் தோல் வியாபாரி சுயம்புலிங்கத்தின் குதிரைக்குப் புல் கொண்டு போனாள். முற்றத்துப் பலகையில் மூன்று தோல்கள் ஆணியடித்துக் காய்ந்துகொண்டிருந்தன. ஒன்றில் காது கிழிந்திருந்தது.

"என்னத்தா அப்படிப் பாக்க? ஒம் புருசன் கொண்டாந்ததுதான்" என்று சிரித்தார் சுயம்புலிங்கம். "பலே ஆளு! ஒஞ் சேலையக் கட்டிக்கிட்டு அரிவாளத் தீட்டுனானாம், அதுக மடிக்கே வந்துருச்சாம். குட்டி ஒண்ணுதான் தப்பிச்சிருச்சு. அதுக்குப் பதிலா, ராசபாளையத்துல நாந் தோல் அடுக்கி வைக்கிற கிட்டங்கியில அவனுக்குக் காவல் வேலை போட்டுக் குடுத்துட்டேம்லா!"

புல்லுக்கட்டை அங்கேயே போட்டுவிட்டு அவள் வீட்டுக்கு ஓடினாள்.

"கோயில் வாசல்ல வச்சு அழுதீங்களே, அது எதுக்கு?"

தேவஇரக்கம் திருதிருவென்று விழித்தான். "அது எங்கயோ கடலுக்கு அந்தப் பக்கம் நடந்ததுட்டி. இதப் போயி... இனிமே கப்பலுக்குப் போகாம ஒங்கூடவே இருக்கலாம்னுதான் செஞ்சேன்."

நம் யோக்கியதை இவ்வளவுதான் ஐயா! ஏழு கடலுக்கு அப்பால் செத்ததற்கு ஊர்கூட்டி அழுவோம். வாசலுக்கு வந்ததைக் கம்பெடுத்து அடிப்போம்.

ஞானபாக்கியம் அரிவாளை எடுத்துக்கொண்டு ஓடைக்கு நடந்தாள். அவனும் பின்னாலேயே போனான். கரையில் உட்கார்ந்து அவள் தீட்டத் தொடங்கியதும் பாறை இடுக்கில் ஒரே ஒரு தலை தெரிந்தது. பாவம், அந்தக் குட்டி இன்னும் நம்பிக்கொண்டுதான் இருந்தது. நீந்திக் கரையேறி அவளைப் பார்த்தது.

ஞானபாக்கியம் ஒரு கல்லை எடுத்து வீசினாள். நண்டு என்று நினைத்து அது கல்லை மோந்து பார்த்தது. இரண்டாவது கல்லை அதன் முதுகில் படும்படி எறிந்தாள். குட்டி கீச்சென்று கத்திக்கொண்டு தண்ணீருக்குள் பாய்ந்தது.

"ஓடு! இந்தச் சேலையக் கண்டா ஓடு! மனுச வாடை பட்டாலே ஓடு!"

தேவஇரக்கம் அவள் கையைப் பிடித்தான். "ஏட்டி, அடிக்காத, பாவம்!"

"இப்பத்தான் பாவம்னு தெரியுதா?" கையை உதறிக்கொண்டு திரும்பினாள். "எங்கயோ செத்ததுக்கு அழுறது எரக்கம் இல்ல. நம்மள நம்பிக் கிட்ட வாரதுக்குத் துரோகம் செய்யாம இருக்கணும், அதுதான் எரக்கம். அந்தக் கடல்நாய்க்கும் இப்படிக் கல்லெறிஞ்சு வெரட்ட ஒருத்தி இருந்திருந்தா, அது இன்னைக்கு உசுரோட இருந்திருக்கும்."