மச்சினன் பிடித்த கயிறு

ஜேசுபாதம் வலைக்குவியலுக்குப் பின்னால் ஒளிந்து கிடந்தான். ஆறடி ஆள், முழுசாக ஒளிய முடியுமா? காலிரண்டும் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன.

காரணம் இல்லாமல் இல்லை. சென்னையிலிருந்து கேமராவும் கையுமாக ஒரு கூட்டம் தூத்துக்குடிக் கடற்கரையில் வந்து இறங்கியிருந்தது. சுதந்திரம் வந்து ஒரு வருஷமாகிறது. சிறைக்குப் போய் வந்தவர்களை வைத்து டாக்குமெண்டரி எடுக்கிறார்களாம். இன்றைக்கு அவன் அக்காள் புருஷன் சிலுவையின் முறை.

நாற்பத்திரண்டு ஆகஸ்ட் போராட்டத்தில் தந்திக்கம்பி அறுத்த சிலுவை, போலீசுக்குத் தப்பி ஜேசுபாதத்தின் வள்ளத்தில்தான் பதுங்கியிருந்தார். போலீஸ் படகு நெருங்கவும், முத்துக்குளிக் கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு சத்தமில்லாமல் தண்ணீருக்குள் போய்விட்டார். போலீஸ்காரர்கள் வள்ளத்தில் ஏறித் தேடினார்கள். ஒன்றும் அகப்படாமல் பீடி பற்றவைத்தார்கள். அந்த நேரம் பார்த்தா கயிறு அசைய வேண்டும்! கயிறு அசைந்தால் மேலே இருப்பவன் இழுக்க வேண்டும். ஜேசுபாதம் இழுத்தான். மூச்சுத் திணறி வந்த சிலுவையைப் போலீசே கைகொடுத்துத் தூக்கிவிட்டது.

இரண்டு வருஷம் கம்பி எண்ணிவிட்டு வந்தவர், மச்சினனிடம் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. ஊர்தான் பேசியது. 'போலீஸ் மச்சான்' என்று பட்டப்பெயரே வைத்துவிட்டது. இப்போது அது சினிமாவிலும் ஏறிவிட்டால்? நாடே காறித் துப்புமே!

"ஏலே ஜேசு!" அக்காள் விக்டோரியா காலைப் பிடித்து இழுத்தாள். "அத்தான் ஒன்னையத் தேடுதாவ. வால."

"நான் வரல. இங்கன இருக்கேன்னு காட்டிக் குடுத்துராத."

"அதுல நீதான கெட்டிக்காரன். எந்திரி!"

வள்ளத்தில் டைரக்டர் சிவசுப்பிரமணியன் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். அன்று நடந்ததை அப்படியே நடிக்கவைத்து எடுக்க, கயிறு பிடிக்கத் தம் ஆளையே நிறுத்தியிருந்தார். சிலுவையோ தண்ணீரில் இறங்கவே மாட்டேன் என்று அடம்பிடித்தார்.

"எங்க வழக்கம் அது அய்யா," என்றார் சிலுவை. "முங்குதவன் கயிற மச்சினன்தான் புடிப்பான். கைய விட்டான்னா தாலியறுக்கது அவன் கூடப்பொறந்தவதான?"

ஜேசுபாதம் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு கயிற்றை வாங்கினான்.

"நான் சொல்ற வரைக்கும் இழுக்கக் கூடாது," என்றார் டைரக்டர். "கேமரா போலீசை நல்லாக் காட்டணும். புரியுதா?"

"சரிங்கய்யா."

சிலுவை நெற்றியில் குருசு அடையாளம் போட்டுக்கொண்டு முங்கினார். கேமரா சுழன்றது. போலீஸ் வேஷக்காரர்கள் பீடி பற்றவைத்தார்கள். கயிறு அசைந்தது.

ஜேசுபாதம் இழுத்தான்.

"கட்! கட்!" டைரக்டர் குதித்தார். "யோவ், யாரைக் கேட்டு இழுத்தே?"

அவன் திருதிருவென்று விழித்தான். "கயிறு அசைஞ்சிச்சே அய்யா..."

வள்ளத்து விளிம்பைப் பற்றிக்கொண்டு சிலுவை விழுந்து விழுந்து சிரித்தார். "பாத்தியளா அய்யா? அன்னைக்கும் இப்படித்தான். மூச்சு முட்டி நான்தான் அசைச்சேன். மேல போலீசு நின்னா என்ன, கவர்னரே நின்னா என்ன, இவன் இழுப்பான். இழுக்காட்டி நீங்க படம் புடிக்க இன்னைக்கு நான் ஏது? இத அப்படியே படத்துல போடுங்க!"

ஜேசுபாதத்துக்குக் கண் கலங்கிவிட்டது. "இத்தன வருசத்துல எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கப்படாதா அத்தான்?"

"இதுல சொல்லுததுக்கு என்னல இருக்கு? நான் அசைச்சேன், நீ இழுத்த. கையக் குடு, குளிருது."