வான்மாவில் அரை நிமிடம்

பீரோவில் டப்பா இல்லை.

மேகலா புடவைகளை இழுத்துத் தரையில் போட்டாள். நகைப்பெட்டி இருந்தது. பத்திரக்கட்டு இருந்தது. கைக்குள் அடங்கும் அந்த எவர்சில்வர் டப்பா மட்டும் இல்லை. மூன்று வருடமாக அவள் திறக்காத டப்பா. உள்ளே ஒரு கரண்டி வான்மாவு. அதற்குள், செத்துப்போன அவள் புருஷன் ராஜவேலின் குரல்.

வான்மாவு என்பது அரியலூர்க்காரர்கள் வைத்த பெயர். விஞ்ஞானிகள் வாயில் நுழையாத வேறு ஏதோ சொல்வார்கள். நட்சத்திரங்கள் விடும் மூச்சில் வருகிற தூள் அது. பகலென்றும் இரவென்றும் பார்க்காமல் பெய்துகொண்டே இருக்கும். சுண்ணாம்புக்கல்லில் மட்டும்தான் ஒட்டும். அரியலூர்ப் பக்கம் கைவிட்ட சுரங்கக் குழிகளில் அதைத் தூரிகையால் கூட்டி அள்ளி, ஆராய்ச்சிக்கு அனுப்புகிற வேலை ராஜவேலுக்கு.

பார்க்கப் பச்சரிசி மாவு மாதிரிதான் இருக்கும். ஆனால் முதன்முதலில் யார் அதன் அருகே பேசுகிறாரோ, அந்தப் பேச்சை அரை நிமிடத்துக்குப் பிடித்து வைத்துக்கொள்ளும். அதன் மேல் வேறு பேச்சு ஏறாது. தீச்சூடு பட்டால் திருப்பிச் சொல்லும். ஒரே ஒரு தடவை.

"உனக்குன்னு பேசி வச்சிருக்கேன். நான் ஊர்ல இல்லாத அன்னிக்குக் கேளு," என்று கொடுத்துவிட்டுப் போனான். நாலாம் நாள் மழையில் பைக் சறுக்கியது.

எத்தனையோ முறை அடுப்பைப் பற்றவைத்துவிட்டு அணைத்திருக்கிறாள். கேட்டுவிட்டால் தீர்ந்தது. கேட்காதவரை, அவன் அவளிடம் பேச வேண்டியது இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது.

வாசலுக்கு ஓடினாள். எதிர்வீட்டு அனுசுயா துணி உதறிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, எங்க அத்தையைப் பாத்தீங்களா?"

"ஏழரை பஸ்ஸுக்கே போயிடுச்சே. சிறுவாச்சூர்ல மாவிளக்குப் போடப் போவுதாட்டம் இருக்கு, ஊறவச்ச அரிசியும் கையுமா. என்ன விசேசம்னு கத்திக் கேக்கறேன், திரும்பிக்கூடப் பாக்கல. உங்க அத்தைக்கு இப்பல்லாம் ரொம்பத்தான் ராங்கி."

மாவிளக்கு. தீ.

ஸ்கூட்டியை முறுக்கினாள். வேப்பந்தட்டையிலிருந்து பெரம்பலூர், அங்கிருந்து திருச்சி ரோட்டில் சிறுவாச்சூர். வழியில் மூன்று இடத்தில் நிறுத்திப் போன் செய்தாள். மணி அடித்தது, அடித்தது, ஓய்ந்தது. சர்வீஸ் ரோட்டில் பாதியை மறித்து மக்காச்சோளம் காயப்போட்டிருந்தார்கள். சக்கரம் அதன் ஓரத்தில் ஏறிவிட்டது.

"பாதி ரோட்ட உனக்குன்னு வுட்டுத்தானே காயப்போட்டிருக்கேன், அது போதலியா?" என்றார் காவலுக்கு உட்கார்ந்திருந்தவர். அவள் நிற்கவில்லை.

திங்களும் வெள்ளியும் மட்டுமே நடை திறக்கும் அம்மன் கோயில். இன்று திங்கள், கூட்டம் நெரிந்தது. உரல்களைச் சுற்றிப் பெண்கள் அரிசி இடித்துக்கொண்டிருந்தார்கள். உலக்கைச் சத்தத்துக்கு மேல் பம்பைச் சத்தம். அதற்கு நடுவில் மாமியார் கொளஞ்சியம்மாள் குந்தியிருந்தாள். வெல்லம் சேர்த்துப் பிசைந்த மாவை உருட்டி, நடுவில் குழித்து, நெய் ஊற்றித் திரியும் போட்டாயிற்று. பக்கத்தில் டப்பா. திறந்திருந்தது. காலி.

"அத்தை."

திரும்பவில்லை.

"அத்தை, கொளுத்தாதீங்க."

மூன்றடி தூரம்தான். தோளைத் தொட்டபிறகே கொளஞ்சியம்மாள் நிமிர்ந்தாள். அவள் முகத்தில் திருட்டுமில்லை, பயமுமில்லை.

"வந்துட்டியா. கேட்டா நீ குடுக்க மாட்ட, அதான் எடுத்தாந்துட்டேன்," என்றாள், ஊருக்கே கேட்கும் குரலில். "காது போயிக்கிட்டே இருக்கு மேகலா. ஆறு மாசம்தான் தாங்கும்னாரு டாக்டர். முழுசாப் போறதுக்குள்ள எம்புள்ள பேசுறத ஒருதரம் கேட்டுக்கறேன். ஆத்தா முன்னாடின்னா நல்லாப் பேசுவான்."

பின்னால் உரலுக்குக் காத்திருந்த பெண் சலித்துக்கொண்டாள். "ஏத்தறதுன்னா ஏத்துங்க, இல்லாட்டி எந்திரிங்க. மாமியா மருமவ வழக்கையெல்லாம் வூட்டுலயே முடிச்சுட்டு வரக்கூடாதா?"

பிசைந்த மாவை அப்படியே அள்ளி மடியில் கட்டிக்கொண்டு ஓடிவிடலாம். மேகலாவின் கை நீண்டது. தாம்பாளம் வரை போனது. பிறகு தீப்பெட்டியை எடுத்தது.

திரி பற்றியது. மாவு மெல்லச் சூடேறியது. இருவரும் இரண்டு பக்கமும் குனிந்தார்கள்.

முதலில் ஒரு கனைப்பு வந்தது. பேசுவதற்கு முன் எப்போதும் கனைப்பானே, அதே கனைப்பு.

"மேகலா... என்ன பேசறதுன்னே தெரியல. வெயிலு கொளுத்துது. குழிக்குள்ள நான் ஒருத்தன்தான். ஒரு ஓணான் இருக்கு, என்னையே மொறைக்குது."

கொளஞ்சியம்மாள் நெருப்புக்கு அத்தனை கிட்டத்தில் காதை வைத்திருந்தாள். முகத்தில் ஒன்றும் அசையவில்லை.

"ஆரம்பிச்சுட்டானா?" என்றாள்.

டாக்டர் சொன்ன ஆறு மாதம் எப்போதோ முடிந்துவிட்டது. அது அவளுக்கு மட்டும் இன்னும் தெரியாது.

மாவு பேசியது. "சாப்ட்டியா மேகலா?"

மேகலா அவள் காதோடு வாயை வைத்தாள். தன் பெயரை விழுங்கிக்கொண்டு, அடிவயிற்றிலிருந்து கத்தினாள்.

"அம்மா, சாப்ட்டியாங்கறாரு."

கிழவியின் முகம் அப்படியே மலர்ந்தது. "எங்கடா தம்பி," என்றாள் விளக்கைப் பார்த்து, தன் சத்தம் தனக்கே கேட்காதவர்கள் பேசுகிற உரத்த குரலில். "விளக்கு மலையேறட்டும், அப்புறம்தான் பச்சத்தண்ணியே."

"இன்னொண்ணு மேகலா," என்றது மாவு. குரல் இறங்கியிருந்தது. "இத நேர்ல சொல்ல எனக்கு..."

"நீ நேரத்துக்குச் சாப்புடறியாடா? இளைச்சுப்போயி வந்தியே, எனக்குப் பெத்த வயிறு எரியுதுடா..."

அந்த வாயை ஒரு கையால் பொத்தினால் போதும். சில நொடிகள்தான். மேகலாவின் கை எழுந்தது. எழுந்த கை, கொளஞ்சியம்மாளின் தோளிலிருந்து நெருப்புப் பக்கம் சரிந்த முந்தானையை எடுத்துப் பின்னால் போட்டது.

"...மழ வந்தா வண்டிய ஓரமா நிறுத்திட்டு நின்னு வா சாமி. ஒண்ணும் அவசரமில்ல," என்று, மாவின் குரல் அதனடியில் கேட்காமலே தீர்ந்துபோன பின்னும், கொளஞ்சியம்மாள் பேசிக்கொண்டே இருந்தாள்.