பதினெட்டுப் படி

லேத் பட்டறைக்காரரை அந்தத் தெருவில் ‘நூல்’ என்றுதான் கூப்பிடுவார்கள். இரும்பைக் கடைந்தால் ஒரு நூல்கூடப் பிசகாது. பேச்சிலும் அப்படித்தான். யார் என்ன சொன்னாலும் அதில் நாலு குற்றம் கண்டுபிடிப்பார். பெண்டாட்டி சொன்னால் எட்டு.

லேத் மெஷின் வாங்க அரசுக் கடன் அலுவலகத்தில் வாங்கிய கடனை அவர் எப்போதோ அடைத்துவிட்டார். ரசீதுகள் ஒரு பிஸ்கட் டப்பாவில் தேதிவாரியாக இருந்தன. அப்படியிருக்க, ஆறு தவணை பாக்கி, கட்டாவிட்டால் மெஷின் ஜப்தி என்று நோட்டீஸ் வந்தால் மனுஷன் சும்மா இருப்பாரா? டப்பாவைத் தூக்கிக்கொண்டு நேரே அலுவலகத்துக்குப் போய் நின்றார்.

வசூல் குமாஸ்தா தலையை நிமிர்த்தவே இல்லை. “இதெல்லாம் இங்க பாக்க மாட்டோம். ஆட்சேபணை இருந்தா மேல போங்க.”

“போறேன்யா. மேல போய் உங்களை ஒரு கை பாக்கறேன்.”

வீட்டில் மனைவி துணி மடித்துக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டாள். “மேலன்னா மாடியைச் சொல்லியிருப்பாருங்க. எதுக்கும் ஒரு வார்த்தை கேட்டுட்டு வந்திருக்கலாமே.”

“ஆமா, மாடியில துணி காயப்போடச் சொன்னான். மேலன்னா பெரிய கோர்ட்டுடி!”

நோட்டீஸின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில் விவரம் இருந்தது: முப்பது நாளுக்குள், முதல் மாடி, மேல்முறையீட்டு அதிகாரி. அவள் கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள் அவர் அதை மடித்துச் சட்டைப் பையில் செருகிவிட்டார்.

மறுநாள் வக்கீல் கேட்டார்: “அப்பீல் போயிட்டீங்களா?”

“அதுக்குத்தானே உங்ககிட்ட வந்திருக்கேன்.”

“இல்லைங்க, நேரா இங்க வந்தா கோர்ட்டு எடுக்கறது கொஞ்சம்...” என்று வக்கீல் இழுத்தார்.

“ரசீது பேசும் சார். நீங்க கேஸைப் போடுங்க.”

ரசீது பேசவில்லை. வழக்கு தள்ளித் தள்ளிப் போய், கூப்பிட்டபோது மூன்று மாதம் ஓடியிருந்தது. டப்பாவைத் திறக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. “சட்டத்துல அப்பீலுக்கு வழி இருக்கே, அங்க போனாரா?” என்று நீதிபதி கேட்டார். வக்கீல் இல்லை என்றார். முதலில் அங்கே போகட்டும் என்று சொல்லி மனுவைத் தள்ளிவிட்டார்கள். மூன்று நிமிஷம்கூட ஆகவில்லை.

மறுபடி அதே அலுவலகம், அதே குமாஸ்தா. “அன்னிக்கே மேல போங்கன்னு சொன்னேனே” என்று பேனாவால் மாடிப்படியைக் காட்டினார்.

மாடியில் இருந்த அதிகாரி அம்மா பொறுமைசாலி. ரசீதுகளை ஒவ்வொன்றாகப் பார்த்துப் பேரேட்டில் டிக் அடித்துக்கொண்டே வந்தார். “ஆறும் கட்டியிருக்கீங்க. வேற ஒருத்தர் கணக்குல ஏத்திட்டாங்க. பத்து நிமிஷ வேலை இது.”

பட்டறைக்காரருக்கு மூச்சு வந்தது. அந்த அம்மா அப்போதுதான் நோட்டீஸின் தேதியைப் பார்த்தார்.

“முப்பது நாள்ங்க. காரணம் சொன்னா இன்னும் பதினஞ்சு நாள் நான் பொறுத்துக்கலாம். அதுக்கு மேல எனக்கு அதிகாரம் கிடையாது. நீங்க திரும்பக் கோர்ட்டுக்குத்தான் போகணும். அதுவரைக்கும் ஜப்தி நிக்காது.” சொல்லிவிட்டு டப்பாவை அந்த அம்மாவே மூடிக் கொடுத்தார்.

வியாழக்கிழமை வண்டி வந்தது. வந்தவர்கள் முரட்டுத்தனமாகத் திருகி மரையைக் கெடுத்துவிடுவார்கள் என்று, தரையில் மெஷினைப் பிடித்திருந்த போல்ட்டுகளை அவரே குந்தி உட்கார்ந்து கழற்றிக் கொடுத்தார். இருபது வருஷத்துக்கு முன் அதே கையால் முடுக்கியவை. தாங்க முடியாத வேதனையாக இருந்தது.

வண்டி போனபின் பட்டறையில் நாலு ஓட்டையும் எண்ணெய்க் கறையும்தான் மிச்சம். மனைவி வாசலில் நின்றாள். சொல்லிக் காட்டுவாள் என்று காத்திருந்தார். அவள் சொல்லவில்லை. அதுதான் அவரை உடைத்தது.

“பதினெட்டே படிடி” என்றார். “நீ சொன்னப்பவே ஏறியிருக்கலாம்.”

“ஏறும்போது எண்ணினீங்களா?”

“இல்ல. இறங்கும்போது.”