எட்டாம் நாள் வந்த கப்பல்

பைலட்டுகள் ஏழு பேரும் ஒரே காலையில் வேலையை விட்டுப் போனார்கள். போகும்போது துறைமுகத்தின் வரைபடங்களையும் கழற்றி எடுத்துக்கொண்டார்கள். அவை தொங்கிய இடங்கள் மட்டும் சுவரில் சதுரம் சதுரமாக வெளுத்துத் தெரிந்தன.

எங்கள் நாடு சுதந்திரம் அடைந்து அப்போது ஒன்றரை வருடம். கொடி எங்களுடையது, நாடாளுமன்றம் எங்களுடையது, தபால்தலையில் இருந்த மீன்கூட எங்கள் கடல் மீன். துறைமுகம் மட்டும் எங்களை ஆண்டவர்களின் பழைய கம்பெனியிடமே இருந்தது; பைலட்டுகளும் அவர்களுடைய ஆட்கள். அரசாங்கம் அதைத் திருப்பிக் கேட்டபோது கம்பெனி சிரித்த முகத்தோடு சம்மதித்து, ஒரு நிபந்தனை போட்டது. தொடர்ந்து பத்து நாள் ஒரு கப்பல்கூட உள்ளே வராமல் போனால், இன்னும் இருபது வருடத்துக்குத் துறைமுகம் மறுபடி கம்பெனி கையில். அது எங்கே நடக்கப்போகிறது என்று எல்லோரும் நினைத்தார்கள். கையெழுத்து காய்ந்த மறுநாளே பைலட்டுகள் கிளம்பிவிட்டார்கள்.

வெளிக்கடலில் நிற்கும் கப்பலில் ஏறி, மணல்திட்டுகளுக்கு நடுவே வளைந்து வரும் ஒரே கால்வாய் வழியாக அதை உள்ளே கொண்டுவருகிறவர்தான் பைலட். அவரைக் கப்பல்வரை கொண்டுபோய் விடும் படகுக்கு நான் சுக்கானி, அதை ஓட்டுகிறவன். பத்தொன்பது வருடம். படகைக் கப்பலோடு அணைத்து, கயிற்றேணியின் கீழ்முனையை ஆடாமல் பிடித்துக் கொடுப்பேன். நம்மவர் யாரும் அந்த ஏணியில் கால் வைக்கக் கூடாது என்று துறைமுக விதி. படகுத்துறையில் பலகையில் எழுதி வைத்திருந்தார்கள். சுதந்திரத்துக்குப் பிறகும் அந்தப் பலகையை எடுக்க யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும்தான்.

ஏழாம் நாள் சாயங்காலம் துறைமுகச் செயலாளர் என் வீட்டுக்கு வந்தார். முப்பது வயதுகூட இருக்காது. அந்த ஒரு வாரத்தில் கன்னம் ஒட்டிப்போயிருந்தது. வெளியே மூன்று கப்பல்கள் நின்றன. பைலட் இல்லாமல் வரமாட்டோம் என்று இரண்டு கப்பல்காரர்கள் சொல்லிவிட்டார்கள். கோதுமை மாவும் ஆஸ்பத்திரி மருந்தும் ஏற்றி வந்த மூன்றாவது கப்பலின் கேப்டன் மட்டும், வழி தெரிந்த ஆள் யாராவது இருந்தால் வருகிறேன் என்றாராம்.

"அண்ணே, உங்களால முடியுமா?"

நான் பதில் சொல்ல நேரம் எடுத்துக்கொள்கிறவன். வீட்டில் அது எல்லோருக்கும் பழக்கம். செயலாளர் தவித்துப்போனார்.

"முடியலன்னா சொல்லிடுங்க அண்ணே. நான் தப்பா நினைக்க மாட்டேன்."

படகின் இன்ஜினைப் பார்த்துக்கொள்ளும் என் மைத்துனன் சிரித்தான். "இதுவே அவருக்கு அவசரம் சார். எங்கக்காவைக் கட்டிக்கிறேன்னு சொல்ல ஆறு மாசம் ஆச்சு."

"வழி தெரியும்" என்றேன்.

உண்மைதான். பைலட்டை ஏற்றிவிட்டு, ஒவ்வொரு தடவையும் கப்பலுக்கு முன்னால் அதே கால்வாயில்தான் படகைத் திருப்பி ஓட்டி வருவேன். கண்ணைக் கட்டிவிட்டாலும் வந்துவிடுவேன் என்று நினைத்திருந்தேன்.

மறுநாள் காலையில் என் மனைவி வெள்ளைச் சட்டையை மடிப்பு வைத்து இஸ்திரி போட்டுத் தந்தாள். பைலட்டுகள் வெள்ளைதான் போடுவார்கள். "கல்யாணத்தன்னைக்குக்கூட இப்படி இல்ல" என்றாள். அவளும் பயந்துதான் இருந்தாள்.

மைத்துனன் படகை அணைத்துக் கொடுக்க, நான் ஏணியில் கால் வைத்தேன். இருபத்தெட்டுப் படிகள். பாதியில் ஒருமுறை கீழே பார்த்தேன். யாரோ என்னை இறங்கச் சொல்வார்கள் என்று உடம்பு காத்துக்கொண்டிருந்தது.

கேப்டன் தாடிவைத்த, கனத்த மனிதர். அவருடையதும் எங்களுடையதைப் போல ஒரு சின்ன நாடு, எங்களுக்கு முன்பே விடுபட்டது. எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது எங்களை ஆண்டவர்களின் மொழி ஒன்றுதான். இருவருமே அதை அரைகுறையாகத்தான் பேசினோம்.

"எங்க ஊர்ல அவங்க போனப்ப டெலிபோன் கம்பியைக்கூட அறுத்துட்டுப் போனாங்க" என்றார். "நாலு மாசம் ஆளை அனுப்பித்தான் பேசிக்கிட்டோம். சரி, சொல்லுங்க. எந்தப் பக்கம்?"

முதல் மிதவையைத் தாண்டிக் கால்வாய்க்குள் நுழையும்வரை எல்லாம் சரியாக இருந்தது. அதன் பிறகு அடுத்த அடையாளத்தைத் தேடினேன்.

படகிலிருந்து பார்க்கும்போது, ஐஸ் ஃபாக்டரியின் கூரை மெல்ல மெல்லத் தாழ்ந்து அலைத்தடுப்புச் சுவரின் நுனிக்குப் பின்னால் மறையும். கூரை சுவரைத் தொட்டால் இடப்பக்கம் திருப்ப வேண்டும். கப்பலின் உச்சியில் நின்றபோது கூரை சுவருக்கு எங்கோ மேலே இருந்தது. அது தொடவே போவதில்லை. கருப்புப் பாறை, கலங்கரை விளக்கின் அடி, சர்ச் வாசல் என்று என் அடையாளங்கள் அத்தனையும் விலகி விலகி நின்றன. ஊரே விரித்துப் போட்ட துணி மாதிரி கிடந்தது. எங்கள் வீட்டு மொட்டைமாடியில் சட்டைகள் காய்வதுகூடத் தெரிந்தது. பத்தொன்பது வருடமும் நான் உட்கார்ந்து பார்த்த உயரத்திலிருந்துதான் எனக்கு வழி தெரிந்திருக்கிறது. புறப்படும் முன் இதை நான் ஒரு கணமும் யோசிக்கவில்லை.

"எப்ப திருப்பணும்?" என்றார் கேப்டன்.

வாழ்நாளில் முதல்முறையாக என் மௌனம் எனக்கே பிடிக்கவில்லை. துறையில் ஊர்க்கூட்டம் நின்றது. கம்பெனியின் ஏஜெண்ட் பைனாகுலரோடு நிற்பான் என்றும் தெரியும். உத்தேசமாக ஒரு திசையைக் காட்டிவிடலாம். கப்பல் திட்டில் ஏறினால் கால்வாய் அடைபடும். பத்து நாளுக்கு மேலும் அடைபடும்.

"இன்ஜினை நிறுத்துங்க" என்றேன். "இங்கிருந்து எனக்கு வழி தெரியல."

கேப்டனின் முகம் இறுகியது. "நேத்து தெரியும்னு சொன்னாங்களே?"

"கீழே இருந்தா தெரியும். படகு உயரத்துல. என்னை ஏணியில இறக்கி விடுங்க. அங்கிருந்து சொல்றேன்."

அவர் என்னைப் பார்த்தார். பிறகு வெளியே எட்டி, ஏணி தொங்கிய இடத்தைப் பார்த்தார். என் அடையாளங்கள் எல்லாம் இடப்பக்கம், ஏணியும் இடப்பக்கம். ஒரு மாலுமியை விளிம்பிலும் இன்னொருவனைப் படிக்கட்டிலும் நிறுத்தினார். நான் சொல்வதை அவர்கள் ஒருவர் மாற்றி ஒருவர் கத்தி மேலே அனுப்ப வேண்டும். தானே ஒரு தாளையும் பென்சிலையும் எடுத்துக்கொண்டார்.

"நீங்க கீழே ஒவ்வொரு அடையாளமா சொல்லுங்க. அந்த நேரத்துல மேலே என்ன தெரியுதுன்னு நான் வரைஞ்சுக்கிறேன்."

ஊர் பார்க்க, ஏறிய ஏணியில் இறங்கினேன். அடியில் நாலு படி மிச்சம் இருக்கும்போது அலை இடுப்புவரை அடித்தது. பக்கத்தில் படகு ஓட்டி வந்த மைத்துனன் பதறினான்.

"என்ன மச்சான், துரத்திட்டாங்களா?"

"வாயை மூடிட்டுப் பின்னால வா."

"ஐயோ, அக்கா இஸ்திரி போட்ட சட்டை!"

அந்த உயரத்தில் ஊர் மறுபடி தன் இடத்துக்கு வந்தது. கருப்புப் பாறை கலங்கரை விளக்கின் அடியைத் தொட்டது. கத்தினேன். மாலுமி கத்தினான், அவனுக்கு மேலே இன்னொருவன் கத்தினான். கப்பல் அசைந்து கொடுத்தது.

அடுத்தது பெரிய வளைவு. ஐஸ் ஃபாக்டரியின் கூரை இறங்கிக்கொண்டிருந்தது. அது சுவரைத் தொடும்வரை காத்திருப்பது படகுக்குச் சரி. இந்த நீளத்துக்கு? எத்தனையோ தடவை முன்னால் போகும் படகிலிருந்து திரும்பிப் பார்த்திருக்கிறேன். நான் வளைவைத் தொடும்போதே பின்னால் வரும் கப்பலின் மூக்கு திரும்பியிருக்கும். கூரைக்கும் சுவருக்கும் ஓர் ஆள் உயரம் இடைவெளி இருக்கும்போதே, "இடது! முழுசா இடது!" என்று கத்தினேன்.

கப்பல் மெதுவாக, மிக மெதுவாகத் திரும்பியது. பின்பக்கத்தில் தண்ணீர் பழுப்பாகக் கலங்கி மணல் கொப்பளித்து மேலே வந்தது. மைத்துனன் அதைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தான். நான் எண்ணத் தொடங்கினேன். முப்பத்தாறில் தண்ணீர் பச்சையாயிற்று; திட்டைத் தாண்டிவிட்டோம்.

மிச்சம் நேர்வழி. மேலே ஏறிப்போய், கப்பலைத் துறையில் கட்டும்வரை கேப்டனின் பக்கத்தில் நின்றேன். சட்டையிலிருந்து தண்ணீர் சொட்டி அவருடைய தரையை நனைத்தது. கயிற்றைத் தூணில் மாட்டிய பிறகுதான் கரையில் ஒருவன் விசிலடித்தான், பிறகு எல்லோரும். ஏஜெண்ட் பைனாகுலரை உறையில் போட்டுக்கொண்டு நடந்தான்.

கேப்டன் தாளைக் கொடுத்தார். ஐந்து படங்கள். வளைவில் திருப்பச் சொன்ன கணத்தில், மேலே இருந்து பார்த்தால் தண்ணீர்த் தொட்டி சர்ச் கோபுரத்தைப் பாதி மறைத்திருக்கிறது. நான் இறங்கியதும், துறையில் நின்ற செயலாளர் அந்தத் தாளை இரண்டு கையாலும் வாங்கிப் பார்த்தார்.

"வெளியே இன்னும் ரெண்டு கப்பல் நிக்குது அண்ணே. நீங்க வந்தா வர்றோம்னு இப்பத்தான் சொல்லி அனுப்பினாங்க."

கொஞ்ச நேரம் யோசித்தேன். இந்தத் தடவை அவர் காத்திருந்தார்.

"மத்தியானம் ஓதம் ஏறித் தண்ணி உயரும்போது போலாம்." படகைக் கட்டிவிட்டு வந்த மைத்துனனிடம் திரும்பினேன். "மாப்ள, நீ தாளோட மேலே நில்லு. நான் ஏணியில நிக்கிறேன். ரெண்டும் ஒத்து வருதான்னு பார்ப்போம். வந்துட்டா அடுத்த வாரத்துல இருந்து நீயும் பைலட்தான்."

"நானா? அப்ப படகை யாரு ஓட்டுறது?"

கூட்டத்திலிருந்து என் மனைவி முன்னால் வந்தாள். கல்யாணத்துக்கு முன்பு அவள் அப்பாவின் மீன்படகை ஓட்டியவள். "சாவியைக் குடுடா" என்றாள் தம்பியிடம்.

"அக்காவா! அப்ப நான் கப்பல்லயே பத்திரமா இருந்துக்கிறேன்" என்றான் அவன்.

அவள் அதைக் காதில் வாங்காமல் படகில் இறங்கி, டீசல் எவ்வளவு இருக்கிறது என்று பார்க்க மூடியைத் திருகத் தொடங்கினாள்.